கல்லில் இல்லாத வரி

மக்கா,

நேற்று வண்டியைக் கழுவும்போது கடைசி இருக்கைக்கு அடியிலிருந்து ஒரு பிளாஸ்டிக் டப்பா உருண்டு வந்தது. மூடியைத் திறந்ததும் பழைய மைதாவின் புழுங்கிய வாடை மூக்கில் ஏறியது. மாவு கட்டி கட்டியாக இறுகி, உள்ளே வண்டு ஊர்ந்துகொண்டிருந்தது. நீ கல்வெட்டு வாசிக்கக் கொண்டுவந்த மாவு. எழுத்து மங்கிய கல்லில் அதைத் தடவி, பழந்துணியால் மேலாகத் துடைத்தால் வெட்டிய குழியில் மட்டும் மாவு நிற்கும். கறுத்த கல்லில் எழுத்து வெள்ளையாக எழுந்து வரும். "பரோட்டாவுக்கு வாங்கி வச்ச மாவ எல்லாம் கல்லுக்குப் பூசுதாரு, நீங்களாவது கேக்கப்படாதா அண்ணே" என்று உன் வீட்டுக்காரி என்னிடம் எத்தனை தடவை முறையிட்டிருக்கிறாள். நான் எந்தக் காலத்தில் உன்னைக் கேட்டுத் திருத்தினேன்.

டப்பாவைத் தூரப் போடலாம் என்று குப்பைக்குழி வரை கொண்டுபோனேன். போடவில்லை. இருந்த இடத்தில் திரும்ப வைக்கவும் மனம் வரவில்லை. கையில் வைத்துக்கொண்டு முற்றத்தில் நாலு சுற்று சுற்றினேன். இப்போதெல்லாம் இப்படித்தான். உட்கார்ந்தால் எழுந்திருக்கத் தோன்றுகிறது, எழுந்தால் எங்கே போக என்று தெரியவில்லை. உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டியிருக்கிறது. சொன்னால் நீ முகத்தைத் திருப்பிக்கொள்வாய் என்று தெரிந்தும் சொல்லாமல் இருப்புக் கொள்ளவில்லை.

நீ தபால்காரனாக இருந்து ஓய்வு பெற்றாய். எனக்குக் கலியாண ஓட்டம் குறைந்து வண்டி பாதி நாள் மாமரத்தடியில் நின்றது. இரண்டு பேரும் சேர்ந்து 'ஒரு நாளில் ஆறு பழைய ஊர்' என்று ஒரு நோட்டீஸ் அடித்தோம். காலை ஏழு மணிக்குப் பாறசாலை ஸ்டேஷன் வாசலில் ஆளை ஏற்றுவது, களியக்காவிளை தாண்டிச் சிதறால் மலை, திருநந்திக்கரைக் குகை, பார்த்திவபுரம் கோவில் என்று சுற்றிவிட்டு, மத்தியானம் மரச்சீனிக் கிழங்கும் மீன்கறியும் கொடுத்து, சாயங்காலம் நம் பக்கத்துச் சிற்றூர்களைக் காட்டிவிட்டுத் திரும்ப இறக்கிவிடுவது. நான் ஓட்டுவேன், நீ சொல்வாய். ஆயிரம் வருஷம் பழைய கல் எந்த வாழைத்தோட்டத்தில் சாய்ந்து நிற்கிறது, எந்த வீட்டுக் கிணற்றுப்படியாகக் கிடக்கிறது என்பதெல்லாம் கடிதம் கொடுக்கப் போன காலத்திலேயே நீ பார்த்து வைத்திருந்தாய். ஓய்வு பெற்று ஐந்து வருஷம் கழித்தும் ஒவ்வொரு வீட்டு வாசலிலும் "தபால்" என்றுதான் குரல் கொடுப்பாய். கடிதம் இல்லாத தபால்காரனுக்குப் பின்னால் பதினாலு பேர் தொப்பி வைத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்து நாய்களே குழம்பிப்போகும்.

உனக்கு ஒரு பிடிவாதம் இருந்தது. கல்லில் உள்ளதைத் தவிர ஒரு சொல் கூடுதலாகச் சொல்லமாட்டாய். எந்தக் கோவிலுக்குப் போனாலும் யாராவது ஒருவர் சுரங்கப்பாதை எங்கே என்று கேட்பார். "சுரங்கம் எல்லாம் கெடையாது. இருந்திருந்தா நான் மழைக்காலத்துல அதுவழியாட்டு தபால் கொண்டு போயிருப்பேனே" என்பாய். கேட்டவர் முகம் தொங்கிப்போகும். எனக்கு எரிச்சலாக வரும். காசு கொடுத்து வந்தவர்களுக்கு ஒரு ராணி, ஒரு புதையல், ஒரு வாள்சண்டை வேண்டாமா. நீயோ பத்து பறை நெல், இரண்டு விளக்கு, எண்ணெய்க்கு எவ்வளவு என்று கணக்கன் மாதிரி வாசித்துக்கொண்டு நிற்பாய்.

அந்த ஊரின் பெயரை இங்கே எழுதவில்லை. குன்னத்துகால் பக்கம், சரோஜத்தின் மரச்சீனி போட்ட விளையில் நின்ற கல். அவள் வீட்டுக்குப் போகிற வழி அந்தக் கல்லை ஒட்டித்தான் போகும். பக்கவாதம் வந்த அவள் புருஷனை வாரத்துக்கு இரண்டு தடவை ஆட்டோவில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிற வழியும் அதுதான். இடுப்பளவுக் கல்லில் பத்து வரி வட்டெழுத்து. வெயில் காலத்தில் இந்த வழியே நடந்து போகிறவர்களுக்குத் தண்ணீரும் மோரும் கொடுக்க யாரோ ஒருத்தன் கொஞ்சம் நிலம் எழுதி வைத்திருக்கிறான், அவ்வளவுதான். பத்தாவது வரிக்குக் கீழே கல் உடைந்து போயிருந்தது. "இதுக்குக் கீழ என்ன எழுதியிருந்தான்?" என்று ஒருநாள் உன்னிடம் கேட்டேன்.

"மத்த கல்லுகள்ல அந்த இடத்துல சாபம் இருக்கும். இத மறிக்கிறவன் நாசமா போவான்னு. இதுல ஒடஞ்சு போச்சு."

"அப்போ அதையே சொல்ல வேண்டியதுதானே."

"மத்த கல்லுல உள்ளத மத்த கல்லுகிட்ட போய் சொல்லு. இதுல இல்லாதத நான் எப்பிடிலே சொல்லுவேன்?"

வந்தவர்களில் ஒரு பெண் கல்லைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டபோதும் நீ விடவில்லை. "அம்மா, இது சாமி இல்ல, பத்திரம் ஆக்கும்" என்றாய். அவள் உன்னைப் பார்த்த பார்வை எனக்கு இன்னும் நினைவிருக்கிறது.

பிறகு உனக்கு நெஞ்சுவலி வந்து நெய்யாற்றின்கரை ஆஸ்பத்திரியில் நாலு நாள் படுத்திருந்த சமயம். அந்த ஞாயிற்றுக்கிழமைப் பயணத்தை ரத்து செய்யச் சொன்னாய். சரி என்று தலையாட்டிவிட்டு நானே வண்டியை எடுத்தேன். முன்பக்கம் நாகர்கோவிலில் இருந்து வந்த ஒரு குடும்பம், பின்பக்கம் திருவனந்தபுரத்தில் இருந்து வந்த சில ஓய்வுபெற்றவர்கள். காலை முழுவதும் நீ சொல்கிற மாதிரியே சொன்னேன். நெல், எண்ணெய், விளக்கு. ஒருத்தர் கொட்டாவி விட்டார், ஒரு பெண் போனை நோண்டிக்கொண்டிருந்தாள். சரோஜத்தின் கல்லுக்கு வரும்போது எனக்குப் பொறுக்கவில்லை.

தண்ணீர் கொடுக்க நிலம் என்று ஆரம்பித்தவன், தண்ணீர் கொடுத்த பெண் ஒருத்தியைக் கொண்டுவந்தேன். ராஜாவின் படை அவளிடம் வழி கேட்டது, அவள் காட்டவில்லை, உயிரோடு குழியில் இறக்கி மேலே இந்தக் கல்லை நட்டார்கள், கன்னிப்பெண்கள் இதற்குத் தண்ணீர் ஊற்றினால் கலியாணம் கைகூடும். நாகர்கோவில்காரர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். போனை நோண்டிய பெண் அதே போனில் என்னை வீடியோ எடுக்க ஆரம்பித்தாள். பின்னால் நின்றவர்கள் "எந்தா கதை, ஞங்ஙளோடும் பறயூ" என்று தங்களுக்கும் சொல்லச் சொன்னார்கள். மலையாளத்தில் சொல்ல ஆரம்பித்ததும் கதை வேறு பக்கம் இழுத்துக்கொண்டு போனது. அங்கே அவள் பனைமரத்தில் இருந்த யட்சி. வழிப்போக்கரை மயக்கித் தண்ணீர் கொடுத்துக் கொன்றவளை ஒரு மந்திரவாதி கல்லில் ஆணியடித்து நிறுத்திவிட்டான். தமிழில் புண்ணியவதி, மலையாளத்தில் யட்சி. இரண்டுக்கும் நடுவில் பத்து நிமிஷம்கூட இல்லை. ஞாயிற்றுக்கிழமை ஜெபத்துக்குச் சபைக்குப் போகாமல் யட்சி உண்டாக்கிய கிறிஸ்தவன் இந்த வட்டாரத்தில் நான் ஒருத்தனாகத்தான் இருப்பேன்.

அன்று எல்லோரும் எனக்குக் கை கொடுத்துவிட்டுப் போனார்கள். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் பாட்டுப் பாடிக்கொண்டே ஓட்டினேன். அதையும் உன்னிடம் மறைக்கவில்லை.

அந்த வீடியோ போன் போனாகச் சுற்றி ஒரு மாதத்தில் உன் கைக்கு வந்தது. பாறசாலை சந்திப்பில் டீக்கடை முன்னால் வண்டியில் உட்கார்ந்து முழுவதும் பார்த்தாய். இரண்டு மொழியிலும் பார்த்தாய். கத்துவாய் என்று காத்திருந்தேன். நீ டீயைக் குடித்து முடித்துவிட்டு மெதுவாகச் சொன்னாய்.

"அந்தக் கல்லு ஒருத்தன் நல்லது செஞ்சதுக்கு எழுதி வச்சதுலே. பேருகூட சரியா தெரியாத ஒருத்தன். அவனுக்கு இருந்தது அந்தப் பத்து வரிதான். நீ அதுமேல மண்ணள்ளிப் போட்டுட்ட."

"ஒரு கதை சொன்னதுக்கு இப்பிடிப் பேசாதே. யாரு நம்பப் போறா?"

"நீ சொன்னத நீதான் எடுக்கணும். அங்க போய், ஊருக்காரங்ககிட்ட சொல்லணும், கேட்டியா."

"செரி, அடுத்த வாரம் போறேன்."

அடுத்த வாரம் போகவில்லை. அதற்கடுத்த வாரம் மழை. அப்புறம் சபைத் திருவிழா, அப்புறம் வண்டிக்கு எஃப்.சி. காரணமா கிடைக்காது. நீயும் திரும்பக் கேட்கவில்லை. ஆனால் அந்த ஊர் வந்ததும் வண்டியைவிட்டு இறங்காமல் ஜன்னல் பக்கம் பார்த்தபடி இருப்பாய். கடைசியில் அந்த ஊரையே பயணத்தில் இருந்து எடுத்துவிட்டோம். நோட்டீஸில் ஆறு ஐந்தானது. நம் பேச்சும் அதே மாதிரி குறைந்துபோனது. டீசல், நேரம், எத்தனை ஆள், இதற்கு மேல் பேசினோமா என்று யோசித்துப் பார்க்கிறேன், நினைவில்லை. ஒருநாள் விடியற்காலையில் உன் மகன் போன் செய்து "அப்பா போயிட்டாரு" என்றான். உன் வீட்டுக்கு வந்து நாலு பேருக்கு நாற்காலி போட்டுக்கொடுத்தேன், வண்டியை ஒதுக்கி நிறுத்தினேன், பந்தல்காரனிடம் சத்தம் போட்டேன். உன் முகத்தைப் பார்க்க மட்டும் கடைசி வரிசையில் நின்றேன்.

இரண்டு மாதம் முன்பு சரோஜம் என் வீட்டு வாசலில் வந்து நின்றாள். உள்ளே வரச் சொன்னாலும் வரவில்லை.

"அண்ணா, நீங்க வந்து பாக்கணும். கல்லுக்கு மேல தகரம் போட்டாச்சு. வெள்ளிக்கிழமை கலியாணம் வேணும்னு ஒரு கூட்டம், செவ்வாய்க்கிழமை யட்சிக்கு மஞ்சள்பொடி கொண்டு ஒரு கூட்டம். எனக்கு அதுல ஒண்ணும் இல்ல. இப்போ சுத்தி வேலி கெட்டணும்னு ஊர்க் கமிட்டி சொல்லுது. வேலி கெட்டினா எங்க வழி போச்சு. அவர நான் தோளுல போட்டா கொண்டு போவேன்?"

"உன் பேருல உள்ள நிலம்லா, கெட்டக்கூடாதுன்னு சொல்ல வேண்டியதுதானே."

"தெய்வக் காரியத்துக்கு மறிச்சா ஊருல இருக்க முடியுமா அண்ணா. நீங்க சொன்ன கதைதானே, நீங்க வந்து சொல்லுங்க."

நீ சொன்னதையேதான் அவளும் சொன்னாள். இந்தத் தடவை மழையும் இல்லை, திருவிழாவும் இல்லை.

வாசகசாலைக் கட்டிடத்தில் ஞாயிறு மத்தியானம் கூட்டம். முப்பது நாற்பது பேர் இருப்பார்கள். நான் போகும்போதே சண்டை நடந்துகொண்டிருந்தது. அவள் கன்னி, வெள்ளிக்கிழமை விளக்கு வைக்க வேண்டும் என்று ஒரு பக்கம். "கன்னியொந்நும் அல்ல, யட்சியாணு, விளக்கு வச்சால் தோஷம்" என்று மறுபக்கம். கல்லுக்கு எதிர்ப்புறம் பலசரக்குக்கடை வைத்திருக்கிற மணியன்தான் கமிட்டித் தலைவர். என்னைப் பார்த்ததும் அவருக்குச் சந்தோஷம். "அண்ணன் வந்தாச்சு. கதை அறிஞ்ச ஆளு. நீங்களே சொல்லுங்க, எது செரி?"

எழுந்து நின்றேன். இரண்டும் பொய், இரண்டையும் உண்டாக்கினவன் நான் என்று சொன்னேன். மணியன் சிரித்தார். "அண்ணா, நீங்க டிரைவர். ஆரோ சொல்லிக் கேட்டத சொன்னீங்க. உங்களுக்கு என்ன தெரியும்?" ஒரு பெண் எழுந்து, "பின்ன எனக்க மகளுக்குக் கலியாணம் கைகூடினது பொய்யா?" என்றாள். யட்சிப் பக்கத்து ஆள் ஒருவர், தன் அம்மா சின்ன வயதிலேயே அந்தப் பனையைப் பார்த்துப் பயந்ததாகச் சொன்னார். நான் சொல்வதற்கு ஐம்பது வருஷம் முன்பே அவருடைய அம்மா என் யட்சியைப் பார்த்திருக்கிறாள். அதுவரை ஒருத்தரை ஒருத்தர் கடித்துக் குதறிக்கொண்டிருந்தவர்கள் எனக்கு எதிராக ஒரே பக்கம் ஆனார்கள்.

அப்புறம் உன் பத்து வரியைச் சொன்னேன். எத்தனை பயணத்தில் கேட்டிருப்பேன், மனப்பாடம். நீ நிறுத்துகிற இடத்தில் நிறுத்தி, ஒரு சொல் கூட்டாமல் சொன்னேன். நிலத்தின் நாலு எல்லை, தண்ணீர், மோர், வெயில் மாதங்கள். பின்னால் யாரோ "இதுக்கா இவ்வளவு பெரிய கல்லு" என்று கேட்க, எல்லோரும் சிரித்தார்கள். மணியன் கையில் இருந்த காகிதத்தைப் பார்த்து, "அப்போ புதன்கிழமை வேலிக்குக் கால் நாட்டுதோம், செரிதானே" என்றார். தலைகள் ஆடின. சரோஜம் தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"இன்னும் ஒரு வரி உண்டு" என்றேன்.

அதை நான்தான் சொன்னேன். வாய் தவறி வந்தது என்று உன்னிடம் சொல்லமாட்டேன். தெரிந்துதான் சொன்னேன். "இந்த வழிய மறிக்கிறவன் கங்கைக் கரையில காராம்பசுவைக் கொன்ன பாவத்துல போவான். அவன் வம்சத்துல விளக்கு வைக்க ஆளிருக்காது." குரலைத் தாழ்த்தி, உன்னை மாதிரியே, கணக்கு வாசிக்கிற மாதிரி சொன்னேன். மலையாளத்திலும் சொன்னேன். இந்தத் தடவை இரண்டு மொழியிலும் ஒரே மாதிரி.

யாரும் சிரிக்கவில்லை. உண்மை சொன்னபோது டிரைவராக இருந்தவன் இப்போது கல் வாசிக்கத் தெரிந்தவன் ஆகிவிட்டேன். மணியன் காகிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். அவருக்கு இரண்டு பேரப்பிள்ளைகள். "வழி கெடக்கட்டும். அந்தப் பக்கம் தொடாண்டாம்" என்றார். கன்னிக்காரர்களும் யட்சிக்காரர்களும் ஒன்றாகத் தலையாட்டினார்கள்.

போன வியாழக்கிழமை சரோஜத்தின் வீட்டுக்குப் போனேன். ஆட்டோ வந்து, அவள் புருஷனை ஏற்றிக்கொண்டு, கல்லை ஒட்டிய வழியில் நிதானமாகத் திரும்பிப் போவதைப் பார்த்தேன். அன்றைக்கு மகள் கூடப் போனதால் சரோஜம் வீட்டில் இருந்தாள். கட்டன்சாயா போட்டுக் கொடுத்தாள். டம்ளரைக் கீழே வைத்தேன். அவளிடமாவது சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

"சரோஜம், அந்தக் கடைசி வரி..."

"கல்லுல இல்ல" என்றாள். "எனக்குத் தெரியும். நான் கலியாணம் ஆகி வந்த வருஷம் தபால்கார அண்ணன் மாவு பூசி எனக்கு வாசிச்சுத் தந்தாரு. பத்து வரி. கீழ ஒடஞ்சு போச்சுன்னு சொன்னாரு."

"பின்ன ஏன் அங்க சும்மா இருந்தே?"

"எனக்கு வழி வேணும்லா அண்ணா."

பிறகு அவளே கேட்டாள். "அவரு இருந்தா சொல்லியிருப்பாரா?"

"மாட்டான்."

"அப்போ வேலி வந்திருக்கும்."

"வந்திருக்கும்."

அவள் உன்னைக் குறையாகச் சொல்லவில்லை. டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். எனக்குத்தான் அப்போதிருந்து உன்னோடு மல்லுக்கட்டிக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது. வண்டி ஓட்டும்போதும் சாப்பிடும்போதும் உன்னிடம் கேட்கிறேன். உன் நேர்மை அவள் புருஷனை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்குமா? உடனே உன் குரலில் நானே திருப்பிக் கேட்கிறேன், முதல் பொய்யைச் சொல்லாமல் இருந்திருந்தால் இரண்டாவதற்கு என்ன தேவை? மறுபடியும் முதலில் இருந்து ஆரம்பிக்கிறேன். உன்னை ஜெயித்துவிட வேண்டும் என்றிருக்கிறது. ஜெயித்தால் அதைச் சொல்லிக் காட்ட நீ இல்லை. உன்னை நான் அவ்வளவு தேடுகிறேன், எலே.

உன் பத்து வரி என்னிடம் இருக்கிறது, ஒரு சொல் குறையாமல். அந்த ஊரைத் திரும்பவும் பயணத்தில் சேர்த்துவிட்டேன். வரும் ஞாயிறு பதினோரு பேர் வருகிறார்கள். கல்லுக்கு முன்னால் நின்று பத்தையும் சொல்லி முடிப்பேன். மணியன் கடை வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருப்பார், சரோஜம் அவள் வீட்டு வாசலில் நிற்பாள். பத்தாவது வரிக்கு அப்புறம் என் வாயில் என்ன வரும் என்று எனக்கே தெரியவில்லை.